ஐந்து வளையல்

சரயு வாக்ளே நடித்த முப்பத்தாறு படங்களில்
பதினொன்றுக்கு நான்தான் கண்டினியூட்டி.
மற்றவர்கள் அவள் முகத்தைப் பார்த்தார்கள்.
அவள் குடித்துவிட்டு வைத்த டம்ளரில்
எவ்வளவு தண்ணீர் மிச்சம் என்று பார்க்க
எனக்குச் சம்பளம்.

நோட்டுகள் இன்னும் தாதர் வீட்டுக் கட்டிலுக்கடியில்,
கரப்பான் தின்றது போக.
பொட்டு: ஒரு நூல் இடப்பக்கம் சாய்வு.
முந்தானை: முழங்கை வரை ஈரம்.
கண்ணீர்: வலக்கண் மட்டும்.

அது தந்தி ஆபீஸ் படம்.
தங்கை கல்யாணம் முடியட்டும் என்று
அப்பாவின் சாவுத் தந்தியை
ரவிக்கைக்குள் மூன்று நாள் வைத்திருப்பாள்.
கதையில் மூன்று நாள், செட்டில் பத்தொன்பது.
தினமும் அந்தக் காகிதத்தை மடித்துக் கொடுத்தது நான்.
ஒருநாள் மடிப்பு மாறிவிட்டது.
விரல் பட்டதுமே நிமிர்ந்து பார்த்தாள்:
"திலூ, இது வேறு யாரோ செத்த தந்தி."

முப்பத்தொரு வயதில்
முப்பத்தைந்து வயதுக்காரனுக்கு அம்மா ஆனாள்.
தலையில் ஜிங்க் பவுடர்.
வெற்றியோடு திரும்பிய மகன் காலில் விழுவான்.
விக் நகராமல் ஆசீர்வதிக்கத் தெரிந்தவள்
அந்தேரி முழுக்க அவள் ஒருத்திதான்.

சம்பல் கொள்ளைக்காரியாகக் குதிரையில் வந்தபோது
உதடுகள் ஓயாமல் அசையும்.
காளி மந்திரம் என்று எழுதினார்கள் பத்திரிகையில்,
சாபம் என்று சிலர்.
குதிரை என்றால் அவளுக்கு உயிர் போகும் பயம்.
அது பதிமூன்றாம் வாய்ப்பாடு, மராத்தியில்.
பதிமூன்று ஏழில் தடுமாறுவாள்,
அந்த இடத்தில்தான் தியேட்டரில் விசில்.

சரி, சொல்ல வந்தது இதில்லை.

கிர்பலானி எடுத்த படம். புருஷன் வீட்டை விட்டு
ராத்திரியில் போகிறாள்.
ஷாட் நாற்பத்தொன்று: டிரங்குப் பெட்டியை மூடுகிறாள்.
இடக்கையில் ஆறு வளையல், பச்சை.
ஷாட் நாற்பத்திரண்டு: வாசல், தெருவிளக்கு.
படம் ரஷ் பார்க்கும்போதுதான் எண்ணினேன்.
ஐந்து.

கிர்பலானி நாற்காலியை உதைத்தார்.
என் சம்பளத்தில் ஐம்பது ரூபாய் போயிற்று.
செட்டைப் பிரித்தாகிவிட்டது, மறுபடி எடுக்க முடியாது.
மேக்கப் அறையில் அவளிடம் கேட்டேன்.
கண்ணாடியைப் பார்த்தே சொன்னாள்:
"ரெண்டு ஷாட்டுக்கும் நடுவில் சமையலறைக்குப் போனேன்.
கோதுமை மாவு டப்பாவில் ஒன்றைக் கழற்றிப் போட்டேன்.
நாளைக்கு ரொட்டிக்கு மாவெடுப்பான் இல்லையா,
கையில் தட்டுப்படட்டும்.
நீங்கள் யாரும் பார்க்கவில்லை, அவ்வளவுதான்."

படம் கான்பூரில் மூன்று வாரம், மற்ற ஊர்களில் ஒன்று.
அலிகரிலிருந்து மட்டும் ஒரு கடிதம் வந்தது.
கையெழுத்தில்லை, உருது எழுத்து:
ஆறாவது எங்கே என்று எனக்குத் தெரியும்.
அந்த ஐம்பது ரூபாயை அன்றே மன்னித்தேன்.

போன மாதம் அந்தப் படத்தைப் புதுப்பித்து
கோரேகாவ் மாலில் போட்டார்கள்.
கீறல் இல்லை, மழை இல்லை,
இருட்டில் கூட இருட்டு அழகாக இருந்தது.
நாற்பத்தொன்று வந்தது.
நாற்பத்திரண்டு வந்தது.
எண்ணினேன்.
ஆறு.

யாரோ நல்ல பையன்
கம்ப்யூட்டரில் உட்கார்ந்து பிழையைத் திருத்தியிருக்கிறான்.
தெருவிளக்கு படும் இடத்தில்
மினுக்கம் கூடச் சரியாக வைத்திருக்கிறான்.
நானே வைத்திருந்தால் இவ்வளவு சரியாக வந்திருக்காது.
பாப்கார்ன் சிந்த எழுந்து வெளியே வந்தேன்.

விலே பார்லேயில் மூன்றாம் மாடி, லிஃப்ட் கிடையாது.
பட்டாணி உரித்துக்கொண்டிருந்தாள்.
பொட்டு இல்லை. வலக்கண்ணில் புரை.
இடக்கையில் மருத்துவமனைப் பட்டை,
வெட்ட மறந்தது.
விஷயத்தைச் சொன்னேன்.
சிரிப்பாள் என்று நினைத்தேன்.

வெகுநேரம் கழித்துக் கேட்டாள்:
"அப்போ அவள்
சமையலறைக்குப் போகவே இல்லையா?"

மடியிலிருந்து ஒரு பட்டாணி உருண்டது.
எந்த நாற்காலிக் காலருகே நின்றது என்று
பார்த்து வைத்துக்கொண்டேன்.